கம்பளிக்குள்ள வாங்க

என் தம்பி செத்த வீட்டில் அவன் பொண்டாட்டி அழுத அழுகைக்கு, ஹட்டன் பஸ்ஸில் ஒருத்தன் காலால் தாளம் போட்டுக்கொண்டிருந்தான். என் கண்ணால் பார்த்தேன். வேறு யாராவது வந்து சொல்லியிருந்தால், போடா பைத்தியக்காரா என்று விரட்டியிருப்பேன்.

ஞாயிற்றுக்கிழமை சாமான் வாங்கிக்கொண்டு தேயிலைத் தோட்டத்துக்குத் திரும்பிக்கொண்டிருந்தேன். பஸ் புறப்பட்டதும் டிரைவர் பாட்டைப் போட்டான். முதலில் டமடமவென்று ஒரு அடி. பிறகு ஒரு பொம்பளைக் குரல். “கம்பளிக்குள்ள வாங்க ராசா, வாங்க ராசா, வாங்க வாங்க வாங்க ராசா.” பின் சீட்டுப் பையன்கள் விசில் அடித்தார்கள். இந்தக் காலத்துப் பாட்டெல்லாம் இப்படித்தானே என்று மடியில் இருந்த பையைச் சரிசெய்துகொண்டேன். இரண்டாம் தடவை வந்தபோதுதான் குரல் பிடிபட்டது. ‘ராசா’ என்னும்போது கடைசியில் உடைந்து இறங்குகிறதே, அது பூரணி. என் தம்பி சோலைமலையின் பொண்டாட்டி. விடிய விடிய அழுது கட்டிப்போன தொண்டை அது. அவள் மூச்சு முட்டி விக்கியதைக்கூட விட்டுவைக்கவில்லை, பாவிகள். அந்த விக்கலைத் தனியாக வெட்டி எடுத்து, திரும்பத் திரும்ப ஒட்டி, அதையும் ஒரு தாளமாக்கியிருந்தார்கள்.

டிரைவர் சிங்களப் பையன். அவனுக்கு வார்த்தை விளங்காது, அடி நன்றாயிருக்கிறது என்று போட்டிருப்பான். அவனை விடுங்கள். பின்னால் விசில் அடித்ததெல்லாம் தமிழ்ப் பிள்ளைகள், தோட்டத்து லயத்து வீடுகளில் பிறந்து வளர்ந்ததுகள். “பாட்ட நிப்பாட்டுங்கடா” என்று கத்தினேன். “ஏன் பெரியம்மா, குளிருதா?” என்று கேட்டான் ஒருத்தன். பஸ்ஸே சிரித்தது. பாதி வழியில் இறங்கி மிச்சத்தை நடந்தே வந்து சேர்ந்தேன்.

அந்த அழுகை எப்படி வந்தது என்று சொல்லிவிடுகிறேன். அப்புறம் நீங்களே நியாயம் சொல்லுங்கள்.

இரண்டாயிரத்து எட்டு, ஆனி மாதம். மழை கொட்டோ கொட்டென்று கொட்டியது. தோட்டத்தில் சவுக்குமரம் கிளை கழிக்கிற வேலைக்கு என் தம்பியைப் போட்டிருந்தார்கள். அவன் வீட்டுத் தகரம் ஓட்டை. அன்றைக்குக் காலையில் தூங்கிக்கொண்டிருந்த மகள் தயானியின் மேல் தண்ணீர் சொட்டியிருக்கிறது. மூன்று வயசுப் பிள்ளை. தான் மழைக்குப் போட்டுக்கொண்டு போக வைத்திருந்த கம்பளியைப் பிள்ளைமேல் விரித்துவிட்டு, வெறும் சட்டையோடு வேலைக்குப் போனான். பகலுக்குள் ஆளைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டார்கள். ஈரக் கிளை முறிந்து தலையில் விழுந்திருந்தது.

கம்பளி என்றால் டவுன்காரர்களுக்குப் படுக்கைச் சாமான். எங்களுக்கு அது மழைச் சாமான். எங்கள் அம்மா காலத்தில் நிஜமாகவே கம்பளிதான், தலையில் கூம்பாக மடித்துப் போட்டுக்கொண்டு கொழுந்து எடுப்பார்கள். இப்போது அது பிளாஸ்டிக் சீட்டாகிவிட்டது. ஆனாலும் எங்கள் வாயில் அது கம்பளிதான். மலையில் நிற்கும்போது திடீரென்று மழை பிடித்துக்கொண்டால், கம்பளி கொண்டுவராதவளைப் பார்த்து, பக்கத்தில் நிற்பவள் தன் கம்பளி ஓரத்தைத் தூக்கி, “கம்பளிக்குள்ள வா” என்பாள். மாமியார் மருமகளுக்குச் சொல்வாள், அதுவும் பேச்சுவார்த்தை இல்லாத மாமியார். கங்காணி, பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகளைக் கூப்பிட்டுச் சொல்வார். மழை நேரத்தில் ஒருத்தரை நனையவிடாமல் பார்த்துக்கொள்கிற பேச்சு, அவ்வளவுதான். இதில் என்ன அசிங்கம் இருக்கிறது?

பாடையை வாசலுக்குத் தூக்கினபோதும் மழை விடவில்லை. அவன் முகத்தில் தண்ணீர் விழுந்தது. பூரணி உள்ளே ஓடி, பிள்ளைமேல் கிடந்த அதே கம்பளியை எடுத்துவந்து, அவன் முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

*புள்ளைக்குப் போத்திவிட்டு*
*நனைஞ்சு போன ராசா*
*போற வழி தூரமாச்சே*
*போத்தக் கூட யாருமில்லே*
*மழ இன்னும் விடலையே*
*கம்பளிக்குள்ள வாங்க ராசா*

ஒப்பாரிக்குப் பேர்போனவள் இல்லை அவள். வயிறு எரிந்து வந்த வார்த்தை. குடையோடு ஓரமாக நின்ற, எங்களை வேலை வாங்குகிற தோட்டத்து உத்தியோகத்தர் கண்டாக்கையா கூடக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

அதைப் போனில் பிடித்தவன் கிஷாந்த். கீழ் லயத்துப் பையன், ஹட்டனில் போன் கடை வைத்திருக்கிறான். திருட்டுத்தனமாகப் பிடிக்கவில்லை. எங்கள் கடைசித் தங்கச்சி ஜெயந்தினி குவைத்தில் வீட்டு வேலைக்குப் போயிருக்கிறாள், சாவுக்கு வரமுடியவில்லை. அண்ணன் முகத்தை அவள் போனிலாவது பார்க்கட்டும் என்று பிடித்தார்கள். அதுவரைக்கும் சரி. நான் போனையும் கம்ப்யூட்டரையும் குறை சொல்கிற ஆள் இல்லை. லயத்தில் முதல் டிவி வந்தபோது முன்வரிசையில் உட்கார்ந்தவள் நான். சீடி டெக் வந்தபோது ஒரே நாளில் மூன்று படம் பார்த்துக் கண் வீங்கியவள். ஆனால் டிவி எங்கள் வீட்டுக்குள் வந்ததே தவிர, எங்கள் வீட்டைத் தூக்கிக்கொண்டு போகவில்லை. இந்தப் போன் அந்த வேலையைச் செய்துவிட்டது.

பஸ்ஸிலிருந்து இறங்கி நடந்த அன்று, நேராகப் பூரணி வீட்டுக்குத்தான் போனேன். எப்படிச் சொல்வது என்று வழியெல்லாம் யோசித்துக்கொண்டு போனால், அவளுக்கு என்னைவிட முன்னாலேயே தெரிந்திருந்தது.

“ஒரு வாரமாச்சு மதினி” என்றாள். “ரோட்டுல போறப்ப கூப்புட்டுச் சொல்றாங்க. கம்பளி இருக்கா, வரவான்னு கேக்குறாங்க.”

“யாரு? எவன்னு சொல்லு.”

“ஒருத்தனா ரெண்டு பேரா?”

தட்டில் அரிசியைப் பொறுக்கிக்கொண்டே பேசினாள். பிறகு சொன்னாள்: “தீவாளிக்கு முந்தின நாளு நான் அழமாட்டேன் மதினி. நீங்க கூப்புட்டாலும் மாட்டேன். வாயத் தொறந்தா எனக்கே அந்தக் கொட்டுச் சத்தந்தான் கேக்குது.”

எங்களில் ஆள் செத்து முதல் தீபாவளி வந்தால், அதற்கு முதல் நாள் செத்தவருக்குப் பிடித்ததெல்லாம் சமைத்துப் படைத்து, பொம்பளைகள் உட்கார்ந்து அழவேண்டும். பொண்டாட்டிதான் முதலில் ஒப்பாரியை எடுக்கவேண்டும். அவள் எடுக்காவிட்டால் மற்றவர்களும் எடுக்கமாட்டார்கள். என் தம்பிக்கு அழுகை இல்லாமல் படையல் போடுவதா? அனாதைப் பொணமா அவன்? தீபாவளிக்குள் அந்தப் பாட்டை ஒழித்துக்கட்டி, பூரணியின் வாயைத் திறக்க வைக்கவேண்டும் என்று அன்றைக்கே முடிவு செய்தேன்.

அடுத்த லீவு நாளில் கிஷாந்தின் கடைக்குப் போனேன். கண்ணாடிப் பெட்டிக்குள் போன் உறைகளைத் தொங்கவிட்டு, ஒரு கம்ப்யூட்டரை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். முன்னால் நாலைந்து பேர் பாட்டு ஏற்றக் காத்து நின்றார்கள்.

“வாங்க பெரியம்மா” என்று ஸ்டூலைத் தள்ளினான்.

“உக்கார வரல. எங்க வீட்டு அழுகைய எடுத்து டப்பாங்குத்து போட்டது நீதானா?”

நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவன் முகம் ஒரு நிமிசம் செத்துப்போய், பிறகு சிரித்தது. “ரீமிக்ஸ் பெரியம்மா அது. சும்மா ஒரு வெளாட்டுக்குச் செஞ்சேன். யாரோ புளூடூத்துல வாங்கிட்டுப் போனாங்க, அப்புடியே பரவிருச்சு. இப்ப கண்டி வரைக்கும் அதுதான் ரிங்டோன். நம்ம தோட்டத்துக் கொரலு பெரியம்மா, பெருமைதானே.”

“பெருமையா? செருப்பு பிஞ்சிரும். அது சாவு வீட்டுல அழுதது.”

“அது கேக்குறவங்களுக்குத் தெரியாதே. பேரு போடலையே நானு.”

“கேக்குறவங்கள விடு. கம்பளின்னா என்னன்னு ஒனக்குத் தெரியாதா? ஒங்கம்மா கம்பளிக்குள்ள நின்னுதானடா நீ பள்ளிக்கொடம் போன.”

அவன் கம்ப்யூட்டர் மவுஸைப் போட்டு உருட்டிக்கொண்டே முகத்தைத் திருப்பினான். “தெரியும் பெரியம்மா. ஆனா டவுனுல அத வேற மாதிரி எடுத்துக்கிறாங்க. அப்புடி எடுத்துக்கிட்டதாலதான் ஓடுச்சு.”

இதைக் கேட்டுக்கொண்டு எப்படிச் சும்மா வருவது? தெரியாமல் செய்தவன் காலில் விழுந்தால் மன்னிக்கலாம். இவனுக்கு எல்லாம் தெரிந்திருக்கிறது. “மழ இன்னும் விடலையே” என்ற அடியை வெட்டி எறிந்தால்தான் கம்பளி படுக்கையாகும் என்று கணக்குப் போட்டு வெட்டியிருக்கிறான். கையில் கிடைத்த போன் உறையை எடுத்து அவன் மேலேயே எறிந்தேன். “அழி” என்றேன். “என் கண்ணு முன்னாடி அழி.”

அழித்தான். அதைக் குப்பைப் பெட்டி மாதிரி ஒரு படத்துக்குள் போட்டு, அந்தக் குப்பைப் பெட்டியையும் காலிசெய்து காட்டினான். “பாத்தீங்கதானே பெரியம்மா, இப்ப இல்ல” என்றான். நானும் ஏதோ பேயை ஓட்டிவிட்டவள் போலப் படியிறங்கினேன். கீழே மரக்கறி விற்கிறவனின் சட்டைப் பையில் போன் அடித்தது. “கம்பளிக்குள்ள வாங்க ராசா.” அவன் எடுத்து, “ஹலோ” என்றான்.

அன்றைக்குத்தான் எனக்கு அந்தச் சாமானின் குணம் விளங்கியது. மனுசன் செத்தால் ஒரே சாவு. அந்தப் பாட்டைக் கொல்ல ஒவ்வொருத்தன் சட்டைப் பையிலும் கைவிட வேண்டும்.

பிறகு எஃப்எம்மிலும் வந்துவிட்டது. கொழும்பிலிருந்து வருகிற ஒரு ரேடியோ, தேன் ஒழுகப் பேசுகிற ஒரு அறிவிப்பாளப் பையன். சனிக்கிழமை பகலில் நேயர்களோடு போனில் பேசி, அவர்கள் கேட்கிற பாட்டைப் போடுவான். இவனிடம் சொன்னால் ஊர் முழுக்கக் கேட்குமே, ஒரே வார்த்தையில் விசயம் முடிந்துவிடுமே என்று எனக்குத் தோன்றியது. ஜெயந்தினி அனுப்பிய போனிலிருந்து அடித்துக்கொண்டே இருந்தேன். ஒருவழியாகக் கிடைத்தது.

“வணக்கம், சொல்லுங்க, யார் பேசுறீங்க? எங்கேயிருந்து?”

“வீரம்மா பேசுறேங்க. ஹட்டன் பக்கம் தோட்டம்.”

“அடடா, மலைநாட்டுலேர்ந்து வீரம்மா அக்கா. அங்க குளிரெல்லாம் எப்படி? யார் யாரெல்லாம் நிகழ்ச்சியைக் கேட்டுக்கிட்டு இருக்காங்க?”

“தம்பி, நான் அந்தக் கம்பளிப் பாட்டப் பத்திப் பேசணும். அது பாட்டு இல்லங்க. அதுல அழுவுறது பூரணி, எந்தம்பி சோலைமலையோட சம்சாரம். அவன்—”

“ஆகா, கம்பளிப் பாட்டு. காலையிலேர்ந்து எல்லாரும் அதைத்தான் கேக்குறாங்க. உங்களுக்காகப் போடாம இருப்போமா?” போன் கட்டாகிவிட்டது. என் வாயில் மிச்ச வார்த்தை அப்படியே நின்றது. பக்கத்து வீட்டு ரேடியோவில் அவன் குரல் கேட்டது. “மலைநாட்டிலிருந்து வீரம்மா அக்கா விரும்பிக் கேட்ட பாடல், தம்பி சோலைமலைக்காகவும் அவரோட அன்பு மனைவி பூரணிக்காகவும்.” பிறகு அந்த டமடமா.

செத்தவனுக்கே அவன் சாவுப் பாட்டை வாழ்த்துப் பாட்டாகப் போட்டார்கள், நான் கேட்டதாக என் பேரையும் சொல்லி. திரும்ப அடித்தேன், கிடைக்கவேயில்லை. நான் என்ன செய்வேன்? தோட்டம் முழுக்க அதைக் கேட்டிருந்தது. பைப்படியில் தண்ணி பிடித்துக்கொண்டிருந்த ரெண்டு பொம்பளைகள் என்னைப் பார்த்ததும் பேச்சை நிறுத்தினார்கள். பூரணி மட்டும் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. திட்டியிருந்தால்கூட எனக்குக் கொஞ்சம் ஆறியிருக்கும்.

தீபாவளி நெருங்கியது. நான் எவ்வளவோ கெஞ்சிப் பார்த்தேன். “நான் படையல் போடுறேன் மதினி, கும்புடுறேன். அழுவுறது மட்டும் வேணாம்” என்பதிலேயே நின்றாள். கடைசியில் ஜெயந்தினி குவைத்திலிருந்து எடுத்தபோது, வேறு வழியில்லாமல் போனைப் பூரணி கையில் கொடுத்தேன்.

“அண்ணி” என்றாள் ஜெயந்தினி. போன் சத்தமாக வைத்திருந்ததால் எனக்கும் கேட்டது. “எனக்கு அண்ணன் செத்து இன்னும் நான் வாய்விட்டு அழல. இந்த வீட்டுல அழுதா மேடத்துக்குப் புடிக்காது. பாத்ரூம்ல தண்ணியத் தொறந்து வுட்டுட்டு அழுவுறேன். நீங்க அன்னைக்கு அழுங்க அண்ணி. மேடம் தூங்குற நேரத்துல நான் எடுக்கிறேன். நீங்க அழுவுறதக் கேட்டுக்கிட்டாவது இருக்கேன்.”

பூரணி போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். “சரி” என்றாள் கடைசியில்.

அந்த நாளும் வந்தது. சாயங்காலம், மழை இல்லை. கருவாட்டுக் குழம்பு, ரொட்டி, சோலைமலை ஆசையாகத் தின்கிற மரவள்ளிக்கிழங்கு எல்லாம் வாழையிலையில் போட்டு, அவன் போட்டோவுக்கு விளக்கு ஏற்றினோம். லயத்துப் பொம்பளைகள் எல்லோரும் வந்துவிட்டார்கள். நான் வாசலில் நின்றுகொண்டு, வந்த அத்தனை பேர் போனையும் நிறுத்த வைத்தேன். ஒருத்தி முனகினாள். “அணைச்சுட்டு வா, இல்லன்னா அப்புடியே போ” என்றேன். என் போன் மட்டும் திறந்திருந்தது. அதில் ஜெயந்தினி இருந்தாள். அதைப் படையலுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

பூரணி போட்டோவுக்கு முன்னால் உட்கார்ந்தாள். தோளோடு தோள் சேர்த்து நாங்கள் சுற்றி உட்கார்ந்தோம். வாயைத் திறந்தாள், சத்தம் வரவில்லை. மறுபடியும் திறந்தாள். “புள்ளைக்குப் போத்திவிட்டு…” என்று மெல்ல எடுத்தாள். குரல் நடுங்கியது, ஆனால் வந்தது. அப்பாடா, என் தம்பி அனாதை இல்லை என்று நினைத்தேன். பொம்பளைகள் ஒவ்வொருத்தியாகச் சேர்ந்துகொண்டார்கள். போனுக்குள்ளிருந்தும் ஒரு கேவல் கேட்டது. பூரணிக்குக் குரல் உயர்ந்தது, நெஞ்சில் அடித்துக்கொண்டாள். இத்தனை மாசமாக அடைத்துக் கிடந்ததெல்லாம் உடைத்துக்கொண்டு வந்தது. “மழ இன்னும் விடலையே, கம்பளிக்குள்ள வாங்க ராசா” என்றாள்.

அப்போது தயானி எழுந்தாள். கூட்டத்தின் ஓரத்தில் ரொட்டித் துண்டைக் கடித்துக்கொண்டிருந்த பிள்ளை, அதைக் கீழே போட்டுவிட்டு ஓடிவந்து படையலுக்கு முன்னால் நின்றாள். முகமெல்லாம் சிரிப்பு. “ஐ, அம்மாவும் இந்தப் பாட்டு பாடுது” என்றாள். ஒரு கையை இடுப்பில் வைத்தாள். மற்றக் கையைத் தூக்கி, இடுப்பை வெட்டி வெட்டி ஆடினாள். வாயாலேயே கொட்டும் போட்டாள். “வாங்க வாங்க வாங்க ராசா” என்று, கடையில் ஏற்றின பாட்டில் எத்தனை தடவை வருமோ, ஒன்று குறையாமல் சொல்லி, அந்த விக்கலையும் விக்கிக் காட்டினாள். எந்த லயத்து வாசலில், எவன் போனுக்கு ஆடிப் பழகினாளோ தெரியாது. அவளுக்கு அப்பா கொழும்புக்கு வேலைக்குப் போயிருக்கிறார் என்றுதான் சொல்லி வைத்திருந்தோம்.

ஒருத்தரும் சிரிக்கவில்லை. ஒருத்தரும் அழவுமில்லை. நான் கையை ஓங்கிவிட்டேன். பூரணி என் மணிக்கட்டைப் பிடித்தாள்.

“அடிக்காதீங்க மதினி. அவ என்ன செஞ்சா?”

பிள்ளை ஆட்டத்தை நிறுத்தி, அம்மாவைப் பார்த்தாள். “பாடும்மா” என்றாள்.

பூரணி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். பிள்ளையை இழுத்து மடியில் வைத்து, கீழே விழுந்த ரொட்டியை ஊதி அவள் கையில் கொடுத்தாள். அவ்வளவுதான். அதற்கப்புறம் அவள் வாய் திறக்கவில்லை. அவள் எடுக்காததால் யாரும் எடுக்கவில்லை.

படையலுக்குப் பக்கத்திலிருந்து ஜெயந்தினியின் குரல் வந்தது. “அண்ணி? அக்கா? லைன் கட்டாயிருச்சா? ஏன் ஒரு சத்தத்தையும் காணோம்?”

நான் போனை எடுத்தேன். “லைன் இருக்குடி” என்றேன்.

“அப்ப அண்ணி ஏன் அழுவல?”

“புள்ள ஆடுதுடி” என்றேன்.